எட்டாம் இடத்துக்கு ஓர் அர்ச்சனை

என் மனிசன் சேயோன் ஓர் உதைபந்தாட்ட வீரர். பின்களம். ஜேர்மனியின் நான்காம் பிரிவு. தொலைக்காட்சியில் நீங்கள் பார்ப்பது முதலாம் பிரிவு. அதற்குக் கீழே இரண்டாவது, மூன்றாவது. அதற்கும் கீழே, பயிற்சி முடிந்ததும் வீரர்களே கோல் கம்பத்தைத் தூக்கிக்கொண்டுபோய் ஓரத்தில் வைக்கிற இடம் ஒன்று இருக்கிறது. எங்கள் சோறு அங்கிருந்துதான் வருகிறது. அரைச் சோறு என்று சொல்ல வேண்டும். மிச்ச அரை, கழகத் தலைவரின் கூரை வேலைக் கம்பனியில் காலை நேரங்களில் ஓடு ஏற்றுவதால் வருகிறது.

எங்கள் சனத்துக்குப் பின்களம் என்றால் விளங்காது. கலியாண வீட்டில் யாராவது அவரைக் கண்டால் முதல் கேள்வி, "தம்பி, இந்த வருசம் எத்தினை கோல்?" என்பதுதான். "நான் கோல் போடுற ஆள் இல்லை அண்ணை. மற்றவை போடாமல் மறிக்கிற ஆள்" என்று இவர் பொறுமையாகச் சொல்வார். கேட்டவர் உடனே என்னைப் பார்ப்பார், இந்தப் பிள்ளையின் தலையெழுத்து இப்படியா என்பது போல. பன்னிரண்டு வருசத்தில் இவர் போட்ட கோல்கள் மூன்று. அதில் ஒன்று இவருக்குத் தெரியாமல் முதுகில் பட்டுப் போனது.

இவருடைய அப்பா ஸ்ரீஸ்கந்தராஜா, என் மாமா, முதல் நாலு வருசமும் மகன் டார்ம்ஸ்டாட்டில் கணினி படிக்கிறான் என்றுதான் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார். பிறகு ஒரு கிண்ணப் போட்டியில், குலுக்கல் புண்ணியத்தில், இவருடைய கழகத்துக்கு முதலாம் பிரிவு அணி ஒன்று எதிரணியாக வந்தது. மறுநாள் பத்திரிகையில் இவருடைய படம் வந்தது. படத்தில் இவர் பெரிய நட்சத்திர வீரன் ஒருவனின் சட்டையைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தார். அதற்கு மஞ்சள் அட்டையும் வாங்கினார். மாமா அந்தப் படத்தைப் பெரிதாக்கிச் சட்டம் போட்டுச் சாமிப் படங்களுக்குப் பக்கத்தில் மாட்டிவிட்டார். கணினிப் படிப்பு அன்றோடு நின்றுபோனது. மகன் இப்போது "ஐரோப்பிய உதைபந்தாட்ட வீரன்".

அந்த ஐரோப்பிய வீரனைக் கட்டி ஒன்பது வருசத்தில் நான் ஏழு ஊர் மாறிவிட்டேன். போலந்து எல்லையோரம் ஓர் ஊரில் மாசி மாதமே கழகம் காசில்லாமல் முறிந்து போனது. ஒல்லாந்து எல்லையோரம் இன்னொன்றில் புதுப் பயிற்றுநர் வந்து, தனக்கு உயரமான ஆள்தான் வேண்டும் என்றார். இவர் வளர மறுத்துவிட்டார். இவரைப் பெறுவதற்கு எந்தக் கழகமும் பணம் கொடுத்ததில்லை. ஒரே ஒரு முறை புதுக் கழகம் பழைய கழகத்துக்கு ஒரு புல் வெட்டும் இயந்திரம் கொடுத்தது. ஏறி இருந்து ஓட்டுகிற வகை என்று இவர் இன்றைக்கும் திருத்துவார்.

கடைசியாக வந்து சேர்ந்த இடம் எர்லன்வீசன். டார்ம்ஸ்டாட்டிலிருந்து பேருந்தில் போகிற தூரம். ஒரு தேவாலயம், ஒரு சுற்றுவட்டம், ஒரு மைதானம். இங்கேதான் எனக்கு வாழ்க்கையில் முதல் தடவையாக நிரந்தர வேலை கிடைத்தது, ஊர் மருந்துக்கடையில். மற்ற ஊர்களில் எல்லாம் வேலை பழகி முடிய முன்னமே விலகல் கடிதம் எழுதியவள் நான். எங்கள் மகள் கம்சனா ஆவணியில் முதலாம் வகுப்புக்குப் போகிறாள். வகுப்பில் யாருக்குப் பக்கத்தில் இருப்பது என்றுகூடத் தீர்மானித்துவிட்டாள். இந்த ஊரைவிட்டு இனி அசைய மாட்டேன் என்று நான் இவரிடம் தெளிவாகச் சொல்லிவிட்டேன். இவரும் ஓம் என்றார்.

ஓம் என்று சொன்னால் மட்டும் போதுமா? ஒப்பந்தம் ஒன்று இருக்கிறதே. அது நான்காம் பிரிவுக்கு மட்டும் செல்லுபடியாகிற ஒப்பந்தம். இவர் அந்த வருசம் இருபது ஆட்டம் ஆடி, கழகமும் அதே பிரிவில் நின்றால் தானாக இரண்டு வருசம் நீளும். கழகம் கீழே விழுந்தால் காசில்லை, எல்லோரையும் அனுப்பிவிடுவார்கள். மேலே ஏறினால் காசு வந்துவிடும், அப்போதும் எல்லோரையும் அனுப்பிவிடுவார்கள். மூன்றாம் பிரிவுக்கு முப்பத்துநாலு வயசுக்காரன் எதற்கு? ஆகவே எங்களைப் போன்ற குடும்பத்துக்குச் சொர்க்கம் என்பது புள்ளி அட்டவணையின் நடுப்பகுதி. விழப் போகிறோம் என்ற பயமும் இல்லை, ஏறிவிடுவோம் என்ற பயமும் இல்லை. அந்தத் தை மாதம் கழகம் எட்டாம் இடத்தில் இருந்தது. நான் நிம்மதியாக நித்திரை கொண்டேன்.

தைப்பூசத்துக்கு மாமியோடு பிராங்பேர்ட் பக்கத்து முருகன் கோயிலுக்குப் போனோம். மாமி சுந்தரேஸ்வரி வருசம் தவறாமல் மகன் பேரில் அர்ச்சனை செய்விக்கிறவர். ஐயர் தட்டை வாங்கிக்கொண்டு பெயரும் நட்சத்திரமும் கேட்டார். மாமி சொன்னார்.

"என்ன காரியத்துக்கு?"

இந்த முறை நான் முந்திக்கொண்டேன். "இவரின்ரை கழகம் எட்டாம் இடத்தில நிக்க வேணும், ஐயா."

ஐயர் கையில் இருந்த மணியைக் கீழே வைத்தார். "முதலாம் இடம் எண்டு சொல்ல வந்தனீங்களோ?"

"இல்லை. எட்டு. ஒன்பது எண்டாலும் பரவாயில்லை. ஏழெண்டால் கொஞ்சம் பயம்."

"பிள்ளை, ஜெயத்துக்குச் சங்கல்பம் இருக்கு. விருத்திக்கு இருக்கு. சத்துரு நாசத்துக்கும் இருக்கு. நடுவில நிக்கிறதுக்கு ஒண்டும் இல்லை."

பின்னால் நீண்ட வரிசை. மருத்துவபீடம் கேட்டு ஒரு தாய், வீடு வாங்கக் கேட்டு ஒரு தம்பதி. எல்லோரும் எட்டிப் பார்த்தார்கள். மாமி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். ஐயர் கடைசியில் ஸ்திரம் என்று ஏதோ சேர்த்துச் சொல்லி ஒருவாறு பூவைப் போட்டார். நான் பிரசாதத்தை வாங்கிக்கொண்டு, கம்சனாவுக்கு வடை வாங்கிக் கொடுக்கப் போனேன்.

நான் அந்தப் பக்கம் போனதும் மாமி திரும்ப வரிசையில் நின்றிருக்கிறார். இது எனக்கு அப்போது தெரியாது.

அதன் பிறகு நடந்ததை என்னவென்று சொல்வது? அட்டவணையில் முதலாவதாக நின்ற கழகத்துக்கு ஏதோ நிதிக் குளறுபடியில் புள்ளிகளை வெட்டினார்கள். மூன்றாவதாக நின்ற அணியில் பாதிப் பேருக்கு ஒரே கிழமையில் தசை பிடித்துக்கொண்டது. எங்கள் கழகமோ கோல் வாங்குவதையே நிறுத்திவிட்டது. காரணம் வேறு யாருமில்லை, என் மனிசன்தான். பன்னிரண்டு வருசமாக ஓடி ஓடிக் களைத்தவருக்கு முப்பத்துநாலாவது வயசில்தான் விளையாட்டு சரியாக வந்தது. எங்கே பந்து வருமென்று பந்துக்கு முதலே அங்கே போய் நின்றார். உள்ளூர்ப் பத்திரிகை "எர்லன்வீசனின் மதில்" என்று எழுதியது. ஏழு, ஐந்து, நான்கு என்று நாங்கள் ஏறிக்கொண்டே போனோம். ஒவ்வொரு ஞாயிறும் அட்டவணையைப் பார்த்துவிட்டு நான் ஒப்பந்தத்தை எடுத்துத் திரும்ப வாசித்தேன்.

இரண்டாம் இடத்துக்கு வந்த அன்று மாமி தொலைபேசி எடுத்தார். "பார்த்தியே பிள்ளை, முருகன் கண் திறந்திட்டான்."

"என்ன மாமி செய்தனீங்கள்?"

"நான் என்ன செய்தன்? பெத்த பிள்ளைக்கு எட்டாம் இடம் கேக்கிறதே? எட்டு நல்ல எண்ணும் இல்லை. முதலாம் இடம் வந்தால் பாற்குடம் எடுக்கிறன் எண்டு நேர்ந்திருக்கிறன்."

ஒப்பந்தத்தை எழுத்து எழுத்தாக விளக்கினேன். கழகம் மேலே போனால் உங்கள் மகனுக்கு வேலை போகும், நாங்கள் திரும்பவும் எங்கேயோ ஒரு எல்லையோரம் போவோம், பேத்தியைப் பார்க்க நீங்கள் எட்டு மணித்தியாலம் ரயிலில் வர வேண்டும் என்றேன். மாமி எல்லாவற்றையும் கேட்டுவிட்டுத் தன் கேள்வியைப் போட்டார்.

"நல்லா வேலை செய்தால் சம்பளமெல்லே கூட்டுவினம்? நல்லாச் செய்யிறவனை ஆரும் வேலையால நிப்பாட்டுவினமோ?"

மாமி விமான நிலையத்தில் இருபத்தைந்து வருசம் துப்புரவு வேலை செய்து, நல்ல வேலைக்காரி என்று பதக்கமும் வாங்கி ஓய்வு பெற்றவர். அவருடைய நியாயம் நியாயமாகத்தான் இருந்தது. உதைபந்தாட்டத்தில் அந்த நியாயம் இல்லை என்று நான் சொன்னேன்.

"அப்ப நான் ஐயரிட்டக் கேட்டு மாத்தட்டோ?"

கேட்டார். வைத்த நேர்த்தியைத் திருப்பி எடுக்க ஏலாது என்று ஐயர் சொல்லிவிட்டார். வேண்டுமானால் வேறொரு நேர்த்தி மேலதிகமாக வைக்கலாமாம்.

கடைசி ஆட்டம் எங்கள் மைதானத்தில். நாங்கள் அப்போது முதலாம் இடம், எதிரே இரண்டாம் இடத்தில் நின்ற அணி. சமநிலை என்றாலே எங்கள் கழகம் மேலே போய்விடும். தோற்றால் அவர்கள் போவார்கள், நாங்கள் நான்காம் பிரிவிலேயே நிற்போம். இருபது ஆட்டம் முன்னமே ஆடி முடித்ததால் இவருடைய ஒப்பந்தமும் நீளும். எங்கள் மூன்று பேருடைய வீடும் வேலையும் பள்ளிக்கூடமும் அந்தத் தோல்வியில்தான் இருந்தன. காலையில் இவர் பாண் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, தோற்றுவிடுங்கோ என்று நான் சொல்லவில்லை. நினைத்தேன். நினைப்புக்கு யாரும் மஞ்சள் அட்டை காட்டுவதில்லை.

"நல்லா விளையாடுங்கோ" என்றேன்.

இவர் என்னைப் பார்த்தார். "நீர் அதைச் சொல்லேக்க முகம் வேறை மாதிரி இருக்கு" என்றார்.

மாமா ஒரு பேருந்து பிடித்துச் தமிழ்ச் சங்கத்துச் சனத்தை முழுக்க ஏற்றிக்கொண்டு வந்துவிட்டார். பதாகை, குங்குமம், வாழைப்பழம், கடலை வடை, எல்லாம் வந்தன. இவருடைய காலில் பந்து பட்டபோதெல்லாம் கை தட்டினார்கள். இவர் பந்தை எங்கள் கோல் காக்கிற கோலிக்குத் திருப்பிக் கொடுத்தபோதும் தட்டினார்கள். "ஏன் முன்னுக்குப் போகாமல் நிக்கிறான், ஆரும் மறிச்சு வைச்சிருக்கினமோ?" என்று ஒரு அக்கா என்னைக் கேட்டார். எங்களுக்கு இரண்டு வரிசை முன்னால், விலை உயர்ந்த சப்பாத்தோடு ஓர் இளந்தாரி தன் முகவரோடு இருந்தான். கழகம் ஏறினால் அடுத்த வருசம் என் மனிசனின் இடத்தில் விளையாட வருகிறவன் அவன்தான் என்று ஊரில் எல்லோருக்கும் தெரியும். கழகத் தலைவர் அவனுக்குத் தன் கையாலேயே பியர் கொண்டுவந்து கொடுத்தார்.

எனக்கு ஒரு பக்கம் மாமி கண்ணை மூடிக்கொண்டு மகன் தோற்க வேண்டும் என்று கும்பிட்டார். மற்றப் பக்கம் மாமா மகன் வெல்ல வேண்டும் என்று கும்பிட்டார். ஒரே வீட்டிலிருந்து இரண்டு விண்ணப்பம். முருகன் பாவம்.

ஆளுக்கு ஒரு கோல். நேரம் முடிந்து, நடுவர் கூட்டிக் கொடுத்த நிமிடங்கள் ஓடிக்கொண்டிருந்தன. அவர்களுடைய ஒன்பதாம் எண் எங்கள் நடுக்களத்தை வெட்டிக்கொண்டு தனியே வந்தான். எங்கள் கோலி முன்னுக்கு ஓடி விழுந்தான். ஒன்பதாம் எண் அவனைச் சுற்றிக்கொண்டு போனான். முன்னால் வெறும் கோல். என் மனிசன் மைதானத்தின் அந்தக் கரையில் நின்றார். அவர் ஒன்றும் செய்யத் தேவையில்லை. கொஞ்சம் மெதுவாக ஓடினால் போதும். முப்பத்துநாலு வயசுக்காரன் மெதுவாக ஓடினான் என்று உலகத்தில் எவனும் குற்றம் சொல்ல மாட்டான்.

ஓடினார் பாருங்கள், கலியாணத்துக்கு முன்னம்கூட எனக்காக அப்படி ஓடியதில்லை. பந்து கோட்டைத் தொடப் போன நேரம் முகத்தைக் கொடுத்து விழுந்தார். பந்து மூக்கில் பட்டு மேலே எழும்பி வெளியே போனது. பார்த்தால் நான் இவ்வளவு நேரம் இருந்த வாங்கின்மேல் ஏறி நின்று "விடாதேங்கோ!" என்று கத்திக்கொண்டிருக்கிறேன். பக்கத்தில் மாமியும் வாங்கின்மேல். இருவரும் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றோம். தோற்க வேண்டும் என்று கும்பிட்ட இரண்டு பேரும்.

பிறகுதான் என்ன நடந்தது என்று எங்களுக்கு உறைத்தது. விசில் ஊதியது. ஊரே மைதானத்துக்குள் இறங்கியது. மூக்கு உடைந்து இரத்தத்தோடு நின்ற இவரைத் தோளில் தூக்கிக்கொண்டு ஓடினார்கள்.

செவ்வாய்க்கிழமை தலைவர் இவரைக் கூப்பிட்டார். கட்டிப்பிடித்து அழுதார். நாடகம் இல்லை, உண்மையாகவே அழுதார். "நீ இந்தக் கழகத்தின் வரலாறு" என்றார். வரலாறாகிவிட்டவருக்கு ஒப்பந்தம் தேவையில்லைத்தானே. ஒரு பெரிய கூடை நிறைய இறைச்சி வகையும் பாற்கட்டியும் கொடுத்து, சாகும்வரை மைதானத்துக்கு இலவச அனுமதி என்றார். கூரை வேலையும் கழக வீரர்களுக்கு மட்டும்தானாம். கூடையில் இருந்த இறைச்சி முழுக்க மாடும் பன்றியும். மாமி அதைத் தொடாமல் கதவுக்கு வெளியே வைத்தார். பாற்குடத்தை மட்டும் சொன்னபடி எடுத்தார், வழிநெடுக அழுதுகொண்டு.

இதற்கிடையில் மாமா பாராட்டு விழாவுக்கு மண்டபம் பிடித்துவிட்டார். மகனுக்கு வேலை போன கதையை அவருக்கு மூன்று பேர் சொன்னோம். மூன்று பேருக்கும் அவர், "அதெல்லாம் பேச்சுவார்த்தைதான், பெரிய இடங்களில அப்பிடித்தான்" என்றார்.

மண்டபத்தில் முந்நூறு சனம். சங்கத்துச் செயலாளர் செல்வரட்ணம் ஒலிவாங்கியைப் பிடித்தால் விடாத மனிசன். என் மனிசனுக்கு "பின்களச் சிங்கம்" என்று பட்டம் கொடுத்தார்கள். பொன்னாடை ஒன்றின்மேல் ஒன்றாகப் போர்த்தினார்கள். மூக்கில் கட்டோடு, ஆனி மாத வெக்கையில், அவ்வளவு பட்டுக்கும் உள்ளே இவர் வியர்த்துக்கொண்டு நின்றார். பேசியவர்களில் ஒருவர்கூடப் பின்களம் என்றால் என்னவென்று சொல்லவில்லை. ஒருவர் மட்டும், இந்த வயதிலும் தடுக்கிறாரே, வாய்ப்புக் கொடுத்தால் கோலும் போடுவார் என்றார்.

கடைசியில் ஒலிவாங்கியை இவரிடம் கொடுத்தார்கள்.

"எல்லாருக்கும் வணக்கம்" என்றார். "எனக்கு இப்ப வேலை இல்லை. கழகம் மேல போனதால என்னை நிப்பாட்டிப் போட்டினம். எனக்கு மூண்டாம் பிரிவில விளையாடக் கிடைக்காது. பொய் சொல்லிப்போட்டு இந்தச் சால்வையளை வாங்கக்கூடாது எண்டு நினைச்சன்."

செல்வரட்ணம் ஒலிவாங்கியைத் திரும்ப வாங்கினார். "பார்த்தீர்களா, எவ்வளவு தன்னடக்கம்!" என்றார். கைதட்டல் கூரையைப் பிய்த்தது. பிறகு பரதநாட்டியம்.

வாசலில் மாமா வந்து இவருடைய கையைப் பிடித்தார். சபையில் இப்படிக் கதைக்கிறதா என்று ஏசப் போகிறார் என்றுதான் நினைத்தேன். அவர் மகனுடைய முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "மூக்கு நோகுதோ?" என்று கேட்டார். இவர் இல்லை என்றார். மாமா பொன்னாடைகளை வாங்கி ஒவ்வொன்றாக மடிக்கத் தொடங்கினார்.

காருக்கு வந்தபோது தொலைபேசி அடித்தது. டென்மார்க் எல்லையோரம் ஒரு கழகம். நான்காம் பிரிவு, இரண்டு வருச ஒப்பந்தம், மீன் கம்பனியில் அரைநாள் வேலை. கிழமை முழுக்கப் பேசிக்கொண்டிருந்தவர்கள்தான். இன்றைக்கு முடிவு வேண்டும் என்றார்கள். பின் இருக்கையில் கம்சனா நித்திரை. நான் சொல்ல வேண்டியதையெல்லாம் காலையிலிருந்தே மனசில் அடுக்கி வைத்திருந்தேன். நீங்கள் போங்கோ, நானும் பிள்ளையும் வரமாட்டோம் என்பதுதான் அதன் சாரம்.

எனக்கு வாய் திறக்கச் சந்தர்ப்பமே கிடைக்கவில்லை. இவர் ஜேர்மன் மொழியில், நன்றி, நான் வரவில்லை என்றார். அந்தப் பக்கம் ஏதோ கேட்டார்கள். இல்லை, வேறு கழகம் ஒன்றும் இல்லை, நான் விளையாட்டை விடுகிறேன் என்றார். தொலைபேசியைச் சட்டைப் பையில் போட்டுவிட்டு, ஸ்டியறிங்கில் இரண்டு கையையும் வைத்துக்கொண்டு இருந்தார்.

நான் கேட்டது கிடைத்துவிட்டது. வீடு, வேலை, பிள்ளையின் பள்ளிக்கூடம். சந்தோசப்பட்டிருக்க வேண்டும். எனக்கு அழுகைதான் வந்தது. வாழ்க்கையில் முதல் தடவையாக இவர் நன்றாக விளையாடிய வருசம் இது. இனி விளையாட மாட்டார். அழுகையோடு எனக்குக் கோபமும் வந்தது.

"அண்டைக்கு அந்தப் பந்தை விட்டிருந்தால் எல்லாம் இருந்திருக்கும்" என்றேன். "வீடும் இருந்திருக்கும், விளையாட்டும் இருந்திருக்கும். உங்களுக்கும் தெரியும்தானே?"

"ஓம், தெரியும்."

"அந்தப் பந்துக்கு ஓடேக்கயும் தெரியுமோ?"

"ஓடேக்கயும் தெரியும்."

"பிறகேன் ஓடினனீங்கள்?"

இவர் உண்மையாகவே யோசித்தார், நான் ஏதோ கடினமான கேள்வி கேட்டுவிட்டேன் என்பது போல.

"அது கோலுக்குள்ளயெல்லே போகுது" என்றார்.

நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு, காரை எடுக்கச் சொன்னேன்.